ஒப்பனைப் பெட்டியின் பொற்காலம்

ஸ்விங் இசையின் பொற்காலம் பற்றி யார் எழுதினாலும் ட்யூக் எலிங்டனுக்கு ஒரு மாலை, லூயி ஆம்ஸ்ட்ராங்குக்கு ஒரு மாலை போட்டுவிட்டுக் கையைத் துடைத்துக்கொள்கிறார்கள். இது அநியாயம். அந்தக் காலத்து அமெரிக்க சினிமாவுக்காக மாடாய் உழைத்து, டைட்டிலில் பேர்கூடப் போடப்படாமல் போன ஒரு கலைஞர் இருக்கிறார். அவர்தான் மேக்கப்காரர். பிக் பேண்ட் என்ற பெரிய ஸ்விங் குழுக்கள் நடித்த படங்களில் எவர் தோல் எந்த நிறத்தில் தெரியலாம், எவர் பக்கத்தில் எவர் உட்காரலாம் என்று அமெரிக்காவின் மானத்தையே ஒரு டப்பா சாந்தில் காப்பாற்றியவர். அவருக்கு இதுவரை ஒரு நினைவு மண்டபம்கூட இல்லை.

1930இல் ஆர்.கே.ஓ. கம்பெனி 'செக் அண்ட் டபுள் செக்' என்று ஒரு முழுநீளப் படம் எடுத்தது. எலிங்டன் குழு அதில் வாசித்தது. குழுவில் இரண்டு பேர் கொஞ்சம் வெளுப்பு. ட்ராம்போன் வாசித்த ஹுவான் டிஸோல் போர்ட்டோரிக்கோக்காரர். கிளாரினெட் வாசித்த பார்னி பிகார்ட் நியூ ஆர்லியன்ஸ் கிரியோல். வெளிச்சம் பட்டால் இந்த இருவரும் வெள்ளைக்காரர்களாகத் தெரிந்து, கறுப்பரும் வெள்ளையரும் ஒரே மேடையில் உட்கார்ந்திருக்கிறார்கள் என்று தெற்கத்திய மாநிலத் தியேட்டர்க்காரர் நினைத்துவிட்டால் என்ன ஆவது? ஸ்டுடியோவுக்கு வயிற்றில் புளியைக் கரைத்தது. கூப்பிடு மேக்கப்காரரை! இருவர் முகத்திலும் கறுப்புச் சாந்து ஏறியது.

அந்தப் படத்தின் கதாநாயகர்கள் ஆமோஸ், ஆண்டி என்ற இரு கறுப்பர்கள். நடித்த இருவரும் வெள்ளையர்கள், அவர்களுக்கும் முகமெல்லாம் கரி. வெள்ளையர் பூசிக்கொண்டால் அது நகைச்சுவை, வெளுத்தவர் பூசிக்கொண்டால் அது முன்னெச்சரிக்கை. குழுவில் இயற்கையாகவே கறுப்பாகப் பிறந்த மற்றவர்களால்தான் தயாரிப்பாளருக்குச் சாந்துச் செலவு மிச்சமானது. பாட்டு வந்த இடத்தில் கணக்கு அப்படியே புரண்டது. எலிங்டன் குழுவினர் மூன்று பேர் மெகாஃபோனைப் பிடித்துக்கொண்டு வாயசைக்க, குரல் மட்டும் பிங் கிராஸ்பி இருந்த வெள்ளை மூவர் குழுவிலிருந்து வந்தது. முகம் கறுப்பாக இருக்கட்டும், குரல் வெளுப்பாக இருக்கட்டும்! இவ்வளவு பக்குவமாகக் கலக்க அமெரிக்காவில் அன்று வேறு எந்தத் தொழிலுக்கும் தெரியவில்லை.

முழுநீளப் படத்தின் சங்கதி இது. இந்தக் கலை முற்றிப் பழுத்தது குறும்படங்களில். மெயின் படத்துக்கு முன்னால் நியூஸ்ரீல், கார்ட்டூன், அப்புறம் பத்து நிமிஷம் ஓடும் ஓர் இசைக் குறும்படம். தியேட்டர்க்காரருக்கு அது பந்தியில் ஓரத்தில் வைக்கிற ஊறுகாய். வார்னர் கம்பெனி வைட்டாஃபோன் என்ற பெயரில் இவற்றை மாவு மில் போல ஓட்டித் தள்ளியது, பாரமவுண்ட்டும் போட்டிக்கு நின்றது. நியூயார்க் பக்கமே போகாத ஒரு சிற்றூர்க்காரர் இசைக்குழுத் தலைவர் கேப் காலோவேயின் தலைமயிர் ஆடுவதைப் பார்க்க வேறு வழி கிடையாது. இன்றைக்கு அந்த இசைஞர்கள் எப்படி நின்றார்கள், எப்படி மூச்சுப் பிடித்தார்கள் என்று நாம் பார்க்க முடிவதும் இவற்றால்தான். அதற்காக நன்றி சொல்லியே தீரவேண்டும் என்பார்கள். சொல்கிறேன், கொஞ்சம் பொறுங்கள்.

1929இல் எலிங்டன் நடித்த முதல் குறும்படம் 'பிளாக் அண்ட் டேன்'. இயக்கியவர் டட்லி மர்ஃபி. அமெரிக்க இசையின் தலையெழுத்தையே மாற்றிக்கொண்டிருந்த ஒரு மனிதரை முதன்முதலாகக் கேமரா முன் நிறுத்தி என்ன காட்டினார்கள் தெரியுமா? தவணை கட்டாத பியானோவைத் தூக்கிக்கொண்டு போக இரண்டு பேர் வருகிறார்கள். இருவரும் கறுப்பர்கள், வீட்டு எண்ணைக்கூடப் படிக்கத் தெரியாதவர்கள். ஒரு ஜின் பாட்டிலைக் கொடுத்ததும் வந்த வேலையை விட்டுவிட்டுப் போகிறார்கள். அதற்குப் பிறகுதான் இசை. அதாவது, ஒரு மேதையைக் கேட்பதற்கு முன் அவருடைய இனத்தாரைப் பார்த்து ஒரு தடவை சிரித்துவிட வேண்டும், அதுதான் நுழைவுச் சீட்டு.

அந்தப் படத்தில் எலிங்டனின் காதலியாக, இதய நோயோடு ஆடி விழுந்து சாகிறவராக வந்தவர் ஃப்ரெடி வாஷிங்டன். கறுப்பினப் பெண், நிறம் மட்டும் நல்ல வெளுப்பு. நான்கு ஆண்டு கழித்து, 1933இல், அதே மர்ஃபி 'எம்பரர் ஜோன்ஸ்' எடுத்தபோது கறுப்பின நடிகர் பால் ராப்சனுக்கு ஜோடியாக இவர் நடித்தார். தணிக்கை அலுவலகத்துக்குத் தூக்கம் போயிற்று. ராப்சன் ஒரு வெள்ளைக்காரப் பெண்ணைக் கட்டிப்பிடிக்கிறார் என்று யாராவது எண்ணிவிட்டால்? காட்சிகளை மறுபடி எடு, பெண்ணுக்குக் கறுப்புப் பூசு! பூசினார்கள். ஒரு கறுப்பினப் பெண்ணைக் கறுப்பினப் பெண்ணாக மாற்றிய சாதனை உலக சினிமாவில் வேறு எங்கும் நடந்ததாக நான் கேள்விப்பட்டதில்லை.

கறுப்பினப் பாடகி பில்லி ஹாலிடேயின் கதை இதைவிட ருசி. 1937இல் கவுண்ட் பேஸி குழுவோடு டெட்ராய்ட்டில் பாடப் போனபோது, மேடை விளக்கில் வெளுப்பாகத் தெரிகிறாய் என்று சொல்லி முகத்தில் கறுப்புச் சாந்தைப் பூசவைத்ததாகத் தன் வரலாற்று நூலில் சொல்கிறார். அடுத்த ஆண்டு ஆர்ட்டி ஷா என்ற வெள்ளையரின் குழுவில் சேர்ந்தார். நியூயார்க்கில் அந்தக் குழு வாசித்த ஹோட்டலில், விருந்தாளிகள் ஏறும் லிஃப்டில் ஏறாதே, சரக்கு லிஃப்டில் போ என்றார்கள். 1937இல் போதிய கறுப்பு இல்லை, 1938இல் தாங்க முடியாத கறுப்பு! பன்னிரண்டு மாதத்தில் இந்தப் பெண்ணின் தோலுக்கு என்ன ஆயிற்று என்று எந்த மருத்துவரும் ஆராயவில்லை. ஆர்ட்டி ஷா குழுவை வைத்து எடுத்த குறும்படங்களில் பாடுகிறவர் ஹெலன் ஃபாரஸ்ட் என்ற வெள்ளைப் பெண். நல்ல பாடகி, அவரைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. பில்லி ஷாவோடு பாடியதற்குத் திரையில் ஒரு சட்டகம்கூட இல்லை.

இவ்வளவு கறாரான கணக்குப்பிள்ளையும் ஓரிடத்தில் கோட்டைவிட்டார். ஐனா ரே ஹட்டன் என்று ஒரு பெண், முழுக்கப் பெண்களே வாசிக்கும் 'மெலடியர்ஸ்' குழுவின் தலைவி. பளபளக்கும் பொன்வெள்ளைக் கூந்தல், ஒட்டிப் பிடித்த கவுன், கையில் குழுவை நடத்தும் குச்சி. பாரமவுண்ட் 1930களின் நடுவில் அவரை வைத்துக் குறும்படங்கள் எடுத்துத் தேசமெங்கும் ஓட்டியது. வெள்ளை அமெரிக்கா வாயைப் பிளந்து பார்த்தது. அவருடைய இயற்பெயர் ஒடெஸா கோவன். சிகாகோவின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பு ஏட்டில் அந்தக் குடும்பம் கறுப்பினம் என்றே பதிவாகியிருந்தது ரொம்ப காலம் கழித்துத்தான் வெளியே வந்தது. தோலை மோந்து பார்த்தே இனம் சொல்கிறவர்கள் என்று பேர் எடுத்தவர்கள், லென்ஸுக்கு நேர் எதிரே நின்றவரைக் கண்டுபிடிக்கவில்லை. இந்தப் பரீட்சையில் ஒரு சாயக்கூந்தல் எல்லாரையும் ஃபெயில் ஆக்கிவிட்டது.

மேக்கப் தேவைப்படாத கறுப்பர்களை என்ன செய்தார்கள்? அவர்களுக்கு உடை இருந்தது.

1932இல் பாரமவுண்ட் எடுத்த 'எ ராப்சடி இன் பிளாக் அண்ட் புளூ' படத்தைப் பாருங்கள். வீட்டைத் துடைக்காமல் ரெக்கார்டு கேட்டுக்கொண்டிருக்கும் ஒரு கறுப்புப் புருஷன், துடைப்பக் கட்டையால் அவன் மண்டையில் போடும் பெண்டாட்டி. அவன் மயங்கி விழுந்து கனவு காண்கிறான். கனவில் 'ஜாஸ்மேனியா' என்று ஒரு ராஜ்ஜியம், அவன்தான் ராஜா. அரசவையில் முழங்கால் மட்டும் சோப்பு நுரை பொங்கி நிற்கிறது. அந்த நுரைக்குள், ஒரு தோள் திறந்திருக்க சிறுத்தைத் தோலைச் சுற்றிக்கொண்டு ஒருவர் நிற்கிறார். அவர் லூயி ஆம்ஸ்ட்ராங். நான்கு ஆண்டுகளுக்கு முன் 'வெஸ்ட் எண்ட் புளூஸ்' பதிவு செய்து, உலகத்து ட்ரம்பெட்காரர்கள் எல்லாரையும் மறுபடி அரிச்சுவடியிலிருந்து தொடங்கவைத்தவர்.

இப்போது உற்றுப் பாருங்கள். கண்ணை உருட்டுகிறார், பல் தெரியச் சிரிக்கிறார், ஸ்டுடியோ கேட்டதையெல்லாம் கேட்டதற்கு மேலேயே கொடுக்கிறார். பாடுகிற பாட்டு 'ஷைன்', கறுப்புத் தோலைக் கேலி செய்கிற பாட்டு. பிறகு ட்ரம்பெட் உதட்டுக்குப் போகிறது. அந்த நொடியில் முகம் மாறுகிறது. கண் மூடி, கன்னம் இறுகி, கழுத்து நரம்பு புடைத்து, ஸ்வரம் படிப்படியாக மேலே ஏறுகிறது. சிறுத்தைத் தோலும் நுரையும் அந்த அரசவையும் எங்கேயோ கீழே கிடக்கின்றன. அவர் வாசித்ததைத் தடுக்க ஸ்டுடியோவால் முடியவில்லை. வாசிக்கும்போது கோட்டும் டையும் போட்டுக்கொண்டு நிற்க அவரை விடாமல் பார்த்துக்கொள்ள முடிந்தது, அதைச் செய்தார்கள். அதே பாட்டை 1942இல் அவரை வைத்தே இன்னொரு துண்டுப்படமாகவும் எடுத்தார்கள்.

அதே 1932இல் வைட்டாஃபோன் எடுத்தது 'பை, பை பிளாக்பேர்ட்'. யூபி பிளேக்கின் முழு இசைக்குழுவையும் ஒரு ராட்சதப் பலகாரத்துக்குள் வைத்தார்கள். ஆமாம், பலகாரத்துக்குள். மூடியைத் திறந்தால் உள்ளே வாத்தியக்காரர்கள். நிக்கலஸ் சகோதரர்கள் என்ற இரண்டு பையன்கள், சின்னவனுக்குப் பதினொரு வயது, உயிரைக் கொடுத்து ஆடுகிறார்கள். கடைசியில் இசையின் சூடு தாங்காமல் எல்லாரும் எலும்புக்கூடாகிவிடுகிறார்கள். அடுப்பில் வைத்தது வெந்துவிட்டது, முதலாளி சாப்பிட உட்காரலாம்.

காலோவேயின் 'ஹை-டி-ஹோ' 1934. ரயிலில், படுக்கை வசதிப் பெட்டியில், இரவு உடுப்போடு குழு ஒத்திகை பார்க்கிறது. ஜாலியான காட்சி, நானும் ரசித்துத்தான் பார்த்தேன். காலோவேயும் எலிங்டனும் தெற்கத்திய ஊர்களுக்கு நிஜமாகவே தனி ரயில் பெட்டி பிடித்துத்தான் போனார்கள். ஏன் என்று படம் சொல்லாது. இராத்திரி அவர்களைப் படுக்க விடும் ஹோட்டல் அந்த ஊர்களில் இல்லை. மாலையில் அவர்கள் வாசிப்புக்குக் கைதட்டிய ஊர்தான், இராத்திரி கதவைச் சாத்திக்கொண்டது.

மெம்ஃபிஸ் நகரத் தணிக்கைக் குழுத் தலைவர் லாயிட் பின்ஃபோர்டை இங்கே ஒரு கும்பிடு போட்டு நினைவுகூர வேண்டும். 1928 முதல் கால் நூற்றாண்டுக்கு மேல் அந்த நாற்காலியில் இருந்தவர். கறுப்பினப் பாடகி லீனா ஹார்ன் பாடுகிற காட்சியா, வெட்டு. காலோவே வருகிறாரா, வெட்டு. 1945இல் ஒரு படத்தில் கறுப்பு வேலைக்காரர் முதலாளியோடு ரொம்பச் சகஜமாகப் பழகுகிறார் என்று படத்தையே தடை செய்தார். ஹாலிவுட் இவரோடு சண்டை போட்டதா? அவருக்குக் கை வலிக்காதபடி படம் எடுக்கக் கற்றுக்கொண்டது. கதையோடு ஒட்டாமல், ஒரு தூணில் சாய்ந்து லீனா ஹார்ன் ஒரு பாட்டுப் பாடுவார், போய்விடுவார். கத்தரித்தால் கதைக்கு ஒரு கீறல்கூட விழாது. அந்தக் கணக்கில் குறும்படத்தைவிட உத்தமமான வடிவம் எது? வெட்டவே வேண்டாம், ரீலைப் போடாமல் விட்டால் போதும். கறுப்பு இசைக்குழுக்களுக்குக் குறும்படங்களில் அவ்வளவு தாராளமாக இடம் கிடைத்ததற்கு ரசனை மட்டும் காரணம் என்று நம்ப எனக்கு மனம் வரவில்லை.

1940இல் 'சவுண்டீஸ்' வந்தன. சிகாகோவின் மில்ஸ் நாவல்டி கம்பெனி 'பனோரம்' என்று ஓர் ஆளுயரத்துக்கு மேலான மரப்பெட்டி செய்தது. மதுக்கடையிலும் பஸ் நிலையத்திலும் நிற்கும். பத்து சென்ட் போட்டால் மூன்று நிமிஷப் பாட்டு. ஒரு ரீலில் எட்டுப் பாட்டு, வரிசையில் எது நிற்கிறதோ அதுதான் ஓடும், பிடித்ததைக் கேட்க முடியாது. அதிபர் ரூஸ்வெல்ட்டின் மகன் ஜேம்ஸும் இந்தத் தயாரிப்பில் இருந்தார். பெட்டிக்குள் கண்ணாடிகள் வைத்து பின்னாலிருந்து படம் காட்டியதால், ஃபிலிமில் இடம் வலமாக, வலம் இடமாக அச்சடித்தார்கள். பாசிசத்தை ஒழிக்க நாடு போருக்குப் போன அதே காலத்தில், பருத்தி மூட்டைகளுக்கு நடுவே தூங்கி வழியும் தெற்கத்திய கறுப்பர்களைக் காட்டி, அந்த ஊர் சுகத்தை ஆம்ஸ்ட்ராங் வாயாலேயே பாடவைத்ததும் இதே பெட்டிதான். அந்த ஊரிலிருந்து உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு வடக்கே ரயிலேறிய லட்சக்கணக்கானோரில் யாரோ ஒருவர், சிகாகோவில், பத்து சென்ட் போட்டு அதைப் பார்த்திருப்பார்.

நியாயத்துக்கு ஒன்று சொல்ல வேண்டும். 1935இல் ஃப்ரெட் வாலர் இயக்கிய 'சிம்ஃபனி இன் பிளாக்' வேறு ஜாதி. எலிங்டன் மேசையில் உட்கார்ந்து எழுதுகிறார், ஒரு இசையமைப்பாளர் எப்படி எழுதுவாரோ அப்படி. உலைக்குக் கரி அள்ளிப் போடுகிறவர்களின் முதுகு தெரிகிறது. இருபதைத் தொட்டும் தொடாத பில்லி ஹாலிடே, தள்ளிவிடப்பட்டுத் தரையில் விழுந்து, அங்கிருந்து பாடத் தொடங்குகிறார். பலகாரம் இல்லை, நுரை இல்லை. பத்து நிமிஷத்துக்குள் இப்படி ஒன்றை எடுக்க அன்றைக்கே தெரிந்திருந்தது. எடுத்தது அதே பாரமவுண்ட் என்பதுதான் ஆத்திரத்தைக் கிளப்புகிறது. கையில் வித்தை இல்லாமல் போயிருந்தால் மன்னித்துவிடலாம்.

இந்த இடத்தில் யாராவது ஒரு கனவான் தொண்டையைக் கனைத்துக்கொண்டு எழுந்திருப்பார். "அந்தக் காலம் அப்படி சார். இன்றைய அளவுகோலால் அன்றையதை அளக்கக் கூடாது." சரி ஐயா, அன்றைய அளவுகோலாலேயே அளப்போம். 1936இல் பென்னி குட்மன் என்ற வெள்ளையர், டெடி வில்சன் என்ற கறுப்புப் பியானோக்காரரைத் தன் மூவர் குழுவில் சிகாகோ ஹோட்டல் மேடையில் பகிரங்கமாக உட்காரவைத்தார். 1937இல் எடுத்த 'ஹாலிவுட் ஹோட்டல்' படத்தில் குட்மன், ஜீன் க்ருப்பா என்ற இரு வெள்ளையரும் வில்சன், லயனல் ஹாம்ப்டன் என்ற இரு கறுப்பரும் சேர்ந்து வாசித்தார்கள், வானம் இடிந்து விழவில்லை. 1938 ஜனவரி 16ஆம் தேதி நியூயார்க் கார்னகி ஹாலில், குட்மனோடு பேஸியும் எலிங்டன் குழுவினரும் சாக்ஸபோன்காரர் லெஸ்டர் யங்கும் ஒரே மேடையில் வாசித்தார்கள். அதே ஆண்டு டிசம்பரில் அதே ஊரில் 'கஃபே சொஸைட்டி' திறந்தது, கறுப்பரும் வெள்ளையரும் பக்கத்துப் பக்கத்து மேசையில் உட்காரலாம். ஆகவே காலத்துக்குத் தெரிந்திருந்தது, ஊருக்கும் தெரிந்திருந்தது. வசூல் கணக்கு எழுதுகிறவர்களுக்கு மட்டும் தெரிய விருப்பமில்லை.

இதையெல்லாம் மனதில் வைத்துக்கொண்டு 1944க்கு வாருங்கள். வார்னர் பிரதர்ஸின் 'ஜாமின் தி புளூஸ்'. அல்பேனியாவில் பிறந்த புகைப்படக்காரர் ஜான் மிலி இயக்கினார், இசை ஏற்பாடு நார்மன் கிரான்ஸ். இந்த வகையில் இதற்கு இணையான படம் கிடையாது என்பது என் கட்சி. இருட்டில் இரண்டு வட்டங்கள் தெரிகின்றன. என்ன என்று புரிவதற்குள் அது மெல்ல நிமிர்கிறது. தொப்பியின் உச்சி. தொப்பிக்குக் கீழே லெஸ்டர் யங்கின் முகம், சிகரெட் புகை, சாக்ஸபோன். கோமாளித்தனம் இல்லை, கதை என்று ஒரு பொய் இல்லை. வேலை செய்யும் இசைஞர்களை வேலை செய்யும் இசைஞர்களாகவே காட்டிய பத்து நிமிஷம்.

அந்தக் குழுவில் ஒரே ஒரு வெள்ளையர், கிதார் வாசித்த பார்னி கெஸல். வார்னர் கம்பெனி அவரைத் தூக்கச் சொன்னது. கிரான்ஸ் முடியாது என்றார். கடைசியில் சமரசம். கெஸலின் முகம் தெரியாதபடி நிழலில் நிறுத்து. க்ளோசப்பில் தெரியும் விரல்களுக்கு? பழச்சாற்றைப் பூசிக் கறுப்பாக்கினார்கள். 1930இல் டிஸோல் முகத்தில் ஏறிய சாயம் பதினான்கு ஆண்டு பயணம் செய்து, 1944இல் ஒரு வெள்ளைக்காரன் விரலில் வந்து இறங்கியது. படத்தை மறுபடி பார்க்கும்போது அந்த விரல்களைத் தேடிப் பிடியுங்கள். தந்திகளின் மேல் ஓடிக்கொண்டிருக்கின்றன, கறுப்பாக, ரொம்ப ஒழுங்காக. கார்னகி ஹாலுக்கு ஆறு ஆண்டு கழித்து. குட்மனையும் வில்சனையும் சேர்த்துக் காட்டிய 'ஹாலிவுட் ஹோட்டல்' யார் எடுத்த படம் என்றால், அதுவும் இதே வார்னர்தான்.

படம் ஆஸ்கருக்கு முன்மொழியப்பட்டது. 1945 மார்ச்சில் விழா. ஒரு ரீல் குறும்படப் பிரிவில் ஜெயித்தது பாரமவுண்ட்டின் 'ஹூ'ஸ் ஹூ இன் அனிமல் லேண்ட்'. மிருகங்களின் வாயைக் கார்ட்டூனால் அசைத்துப் பேசவைக்கும் படம். லெஸ்டர் யங்கின் சாக்ஸபோனைவிட மாடும் குரங்கும் பேசுவது மேல் என்று அகாடமி தீர்ப்புச் சொன்னது.

லெஸ்டர் யங் அந்த விழாவில் இல்லை. 1944 இலையுதிர் காலத்தில் அவரைப் பட்டாளத்துக்குப் பிடித்துக்கொண்டு போயிருந்தார்கள். வெள்ளைக் குழுத் தலைவர்களான க்ளென் மில்லருக்கும் ஆர்ட்டி ஷாவுக்கும் படைகளில் தனித் தனி இசைக்குழுவே கிடைத்தது. யங்குக்குச் சாக்ஸபோன் வாசிக்கும் வேலை தரவில்லை, சாதாரணச் சிப்பாயாகப் போட்டார்கள். போதைப்பொருள் வைத்திருந்ததாக 1945 பிப்ரவரியில் அலபாமா முகாமில் ராணுவ நீதிமன்றம், ஓராண்டுத் தண்டனை. பேசும் மிருகங்கள் பரிசு வாங்கிய இரவில், அந்தத் தொப்பிக்குச் சொந்தக்காரர் கைதியாக இருந்தார்.

'ஜாமின் தி புளூஸ்' படத்தை 1995இல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தார்கள், பழச்சாறையும் சேர்த்துத்தான். பாதுகாப்பதில் தப்பில்லை, காட்டட்டும், எல்லாரும் பார்க்கட்டும். பார்த்துவிட்டு "அந்தக் காலம் அப்படி" என்று மட்டும் பூசி மெழுகாதீர்கள். ஹுவான் டிஸோல் முகத்திலும் ஃப்ரெடி வாஷிங்டன் கன்னத்திலும் பார்னி கெஸல் விரலிலும் சாயம் பூசச் சொன்னது காலம் இல்லை. சொன்னவர்களுக்குக் கம்பெனிப் பெயர் உண்டு, முத்திரை உண்டு. ஒவ்வொரு படத்தின் முதல் சட்டகத்திலும் கொட்டை எழுத்தில் போட்டிருக்கிறார்கள், படித்துக்கொள்ளுங்கள்.